பழைய கொலை கேஸை இப்ப திரும்பத் தொறக்க முடியுமா? நம்ம ராமநாதபுரம் கடக்கரை ஆளுங்க அடிக்கடி கேக்குற கேள்விகள்

நான் ராமநாதபுரம் கோர்ட்ல கிரிமினல் கேஸ் பாக்குற வக்கீல். கீழக்கரை, ஏர்வாடி, மண்டபம், பாம்பன், தங்கச்சிமடம், தேவிபட்டினம், தொண்டினு கடக்கரை ஓரத்து ஊர்கள்ல இருந்து வர்றவங்க திரும்பத் திரும்ப கேக்குறத இங்க ஒரே எடத்துல எழுதி வச்சுருக்கேன். டிவில டி.என்.ஏ. டெஸ்ட்ல முப்பது வருஷத்துக்கு முந்தின கொலைகாரன் மாட்டினான்னு நியூஸ் வந்தா அடுத்த நாளே ரெண்டு பேராவது போன் பண்ணி "நம்ம கேஸையும் அப்படிப் பாக்கலாமா"னு கேப்பாங்க. பாக்கலாம், ஆனா எல்லா கேஸையும் பாக்க முடியாது, எத பாக்க முடியும் எத முடியாதுங்கறதுதான் இந்தப் பக்கம் முழுக்க.

சம்பவம் நடந்து 20 வருஷம் ஆச்சு, டைம் முடிஞ்சுபோச்சு இனி ஒண்ணும் செய்ய முடியாதுனு சொல்றாக. உண்மையா?

உண்மை இல்ல. கொலைக்கு டைம் லிமிட்டே கெடையாது. கால வரம்பு இருக்குறது மூணு வருஷம் வரைக்கும் தண்டனை உள்ள சின்னக் குற்றங்களுக்குத்தான். 2024 ஜூலை 1ல புதுச் சட்டங்கள் வந்ததால பழைய கேஸ் செத்துப்போச்சுன்னு சிலர் சொல்றாங்க, அதுவும் தப்பு, அந்தத் தேதிக்கு முந்தி நடந்த கொலைக்கு இன்னைக்கும் பழைய ஐ.பி.சி. 302தான்.

குற்றவாளி கெடைக்கலேன்னு ஃபைனல் ரிப்போர்ட் போட்டு கோர்ட்டும் ஏத்துக்கிட்ட கேஸ்ல கூட மேல் விசாரணை பண்ணலாம். விசாரணை எப்படி நடக்கணும்னு சொல்ற பழைய சி.ஆர்.பி.சி. சட்டத்துல 173(8), அதுக்குப் பதிலா வந்த புது பி.என்.எஸ்.எஸ்.ல 193(9). ரிப்போர்ட்டை ஏத்துக்கிட்ட ஆர்டரை ரத்து பண்ணாமலே மேல் விசாரணை செய்யலாம்னு 2023ல சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லிருக்கு, அதுவும் நம்ம தமிழ்நாட்டுல இருந்து போன ஒரு கேஸ்ல. ஆனா மொத்த விசாரணையையும் தூக்கிப் போட்டுட்டு முதல்ல இருந்து பண்ணுங்கனு சொல்ற அதிகாரம் ஹைகோர்ட்டுக்கும் சுப்ரீம் கோர்ட்டுக்கும்தான்.

அப்ப இல்லாதது இப்ப என்னதான் புதுசா வந்துருச்சு?

1984ல இங்கிலாந்து லெஸ்டர்ல அலெக் ஜெஃப்ரிஸ் டி.என்.ஏ.வ வச்சு ஆளை அடையாளம் காட்டுற வழிய கண்டுபிடிச்சாரு. அதே ஏரியால 1983லயும் 1986லயும் ரெண்டு பதினஞ்சு வயசுப் பொண்ணுங்க கொலையாகிருந்தாங்க, ஒரு 17 வயசுப் பையன் ரெண்டாவது கொலைய ஒத்துக்கிட்டான், டெஸ்ட் பண்ணிப் பாத்தா ரெண்டையும் செஞ்சது ஒரே ஆளு, ஆனா அது அந்தப் பையன் இல்ல. உண்மையான ஆளு காலின் பிட்ச்ஃபோர்க் 1987ல மாட்டினான். உலகத்துலயே முதல் கேஸ்லயே இந்த டெஸ்ட் முதல்ல செஞ்ச வேலை ஒரு நிரபராதிய காப்பாத்தினது, அத நாம மறக்கக் கூடாது.

அந்தக் காலத்துல ஒரு நல்ல ரத்தக்கறை, அதுவும் கெட்டுப் போகாம வேணும். அப்புறம் பி.சி.ஆர். வந்துச்சு, துளியூண்டு டி.என்.ஏ. இருந்தாலும் நகல் எடுத்துப் பெருக்கலாம். எஸ்.டி.ஆர். முறை வந்துச்சு, ஒடஞ்சு சிதைஞ்ச டி.என்.ஏ.லயும் ரிசல்ட் வரும். வேர் இல்லாத முடி, பழைய எலும்பு, பல்லுல இருந்து கூட மைட்டோகாண்ட்ரியா டி.என்.ஏ. எடுக்கலாம். அதனால 1995ல "போதாது"ன்னு திரும்பி வந்த சாம்பிள் இன்னைக்குப் போதுமானதா இருக்கலாம். நம்ம நாட்டுல இத கொண்டு வந்தவரு ஐதராபாத் சி.சி.எம்.பி. ஆராய்ச்சி நிலையத்துல இருந்த லால்ஜி சிங், 1991 ராஜீவ் காந்தி கொலைல உடல்கள அடையாளம் காண அங்கதான் டெஸ்ட் நடந்துச்சு.

டி.என்.ஏ. மட்டும் இல்ல. கைரேகைக்கு நாஃபிஸ்னு நாடு முழுக்க ஒரே கம்ப்யூட்டர் சிஸ்டம் 2022ல இருந்து ஓடுது, சம்பவ இடத்துல எடுத்து அன்னைக்கு யாரோடயும் பொருந்தாம ஃபைல்ல கெடக்குற ரேகைய இன்னைக்கு அதுல போட்டுத் தேடலாம். இது டி.என்.ஏ. டெஸ்ட்டை விட ஈசி, ஆனா யாரும் கேக்குறதில்ல. உங்க கேஸ்ல ரேகை எடுத்துருந்தா மொதல்ல இதைக் கேளுங்க.

அப்புறம் போட்டோ. கேரளா கொல்லம் மாவட்டம் அஞ்சல்ல 2006ல ஒரு தாயையும் பொறந்து 17 நாளான ரெட்டைக் குழந்தைகளையும் கொன்ன கேஸ்ல தேடப்பட்ட ரெண்டு பேரை 2025 ஜனவரில பாண்டிச்சேரில சி.பி.ஐ. பிடிச்சாங்க. பழைய போட்டோவ ஏ.ஐ. வச்சு இத்தன வயசுல எப்படி இருப்பாங்கனு மாத்தி, சோசியல் மீடியால இருக்குற படங்களோட ஒப்பிட்டுத்தான் துப்பு கெடச்சுச்சு. குற்றம் செஞ்சாங்களாங்கறத கோர்ட்தான் சொல்லணும், ஆனா 19 வருஷம் கழிச்சு ஆளைக் கண்டுபிடிச்சது நடந்துருக்கு.

எங்க கேஸ்ல எடுத்த துணி, கத்தி எல்லாம் எங்க இருக்கும்? இப்பவும் வச்சுருப்பாகளா?

இதுதான் எல்லாத்தையும் விட முக்கியமான கேள்வி, ஆனா பத்து பேர் வந்தா ஒருத்தர்தான் இதக் கேக்குறாங்க. மெஷின் எவ்வளவு புதுசா வந்தாலும் அன்னைக்கு எடுத்த பொருள் இன்னைக்கு இருந்தாத்தான் அதுல போட்டுப் பாக்க முடியும்.

சம்பவ இடத்துல மகஜர் போட்டு எடுத்த பொருளை ஃபார்ம் 95ல எழுதி மாஜிஸ்ட்ரேட் கோர்ட்டுக்கு அனுப்புவாங்க, அங்க இருந்து லேபுக்குப் போகும், லேப்ல பாத்துட்டு மிச்சத்த சீல் வச்சு திருப்பி அனுப்புவாங்க, கேஸ் நடந்தா அதுக்கு எம்.ஓ. 1, எம்.ஓ. 2னு (எம்.ஓ.ன்னா சாட்சிப் பொருள்) நம்பர் விழும். கேஸ் முடிஞ்சு அப்பீல் டைமும் தாண்டிட்டா அழிக்கச் சொல்லி ஆர்டர் போடுவாங்க. ஆளே கெடைக்காத கேஸ்ல பொருள் ஸ்டேஷன்லயோ கோர்ட் ப்ராப்பர்டி ரூம்லயோ கெடக்கும், கட்டடம் மாத்துறப்ப, மழைல, கரையான்ல போறதுதான் ஜாஸ்தி. நம்ம ஊர்ல உப்புக் காத்து வேற. ரத்தத் துணிய காய வைக்காம பிளாஸ்டிக் கவர்ல போட்டு இறுக்கிக் கட்டினா பூஞ்சை புடிச்சு டி.என்.ஏ. அழிஞ்சுரும், நிழல்ல ஒலத்தி பேப்பர் கவர்ல போட்டா வருஷக்கணக்கா நிக்கும். அவ்வளவு சின்ன விஷயத்துல ஒரு குடும்பத்தோட நியாயம் தொங்குது.

பழச எடுத்து வச்சா என்ன நடக்கும்ங்கறதுக்கு நம்ம ரயில் லைன்லயே ஒரு கேஸ் இருக்கு. 1952 ஆகஸ்ட்ல மெட்ராஸ்ல இருந்து தனுஷ்கோடி வந்த போட் மெயில் ரயில்ல ஒரு ட்ரங்க் பெட்டில தலையில்லாத உடல், மானாமதுரைல கண்டுபிடிச்சாங்க, தலை ராயபுரம் கடக்கரைல கெடச்சுச்சு. ஆளவந்தார் கொலை வழக்குனு பெரியவங்களக் கேட்டா சொல்வாங்க. கொலையான ஆளவந்தார் முன்னாடி ராணுவத்துல இருந்ததால அங்க பதிஞ்சு வச்ச கைரேகை இருந்துச்சு, அதோட ஒப்பிட்டுத்தான் ஆளை உறுதி பண்ணாங்க. டி.என்.ஏ.ங்கற பேச்சே இல்லாத காலம் அது.

எங்க அண்ணன் பாடி மூணு நாள் கடல்ல கெடந்து கரை ஒதுங்குச்சு. தவறி விழுந்து செத்துட்டாருனு முடிச்சுட்டாக. கடல் தண்ணி எல்லாத்தையும் கழுவிருக்குமே, இனி என்ன பாக்குறது?

கழுவிரும்தான், கைபட்ட தடயம், நகக்கண்ணுல இருக்குறது பெரும்பாலும் போயிரும், நம்ம வெயில்ல உடம்பு சீக்கிரம் அழுகும், மீன் நண்டு கடிச்ச காயத்தையும் கத்திக் காயத்தையும் பிரிச்சுப் பாக்க அனுபவம் உள்ள டாக்டர் வேணும். ஆனா எலும்பும் பல்லும் நிக்கும். எலும்புல வெட்டு விழுந்துருந்தா அது மறையாது. கழுத்தை நெரிச்சா தொண்டைல இருக்குற ஹையாய்டு எலும்பு சில நேரம் ஒடைஞ்சுருக்கும், ஒடையலேன்னா நெரிக்கலேன்னு அர்த்தம் ஆகாது.

இன்னொண்ணு டயாட்டம் டெஸ்ட். டயாட்டம்னா தண்ணில வாழுற கண்ணுக்குத் தெரியாத பாசி, அதோட ஓடு மணல்ல இருக்குற சிலிக்காவால ஆனது, அழுகாது, ஆசிட் ஊத்தினாலும் கரையாது. உயிரோட இருக்குறவரு தண்ணில மூழ்கினா மூச்சோட தண்ணி நுரையீரலுக்குப் போயி ரத்தத்துல கலந்து எலும்பு மஜ்ஜை வரைக்கும் இந்த ஓடு போயிரும், செத்த பிறகு தூக்கிப் போட்டா ரத்த ஓட்டம் இல்லாததால மஜ்ஜைக்குப் போகாது. கடல் டயாட்டம் வேற, ஊரணித் தண்ணி டயாட்டம் வேற, ஊரணில முக்கிக் கொன்னுட்டுக் கொண்டாந்து கடல்ல போட்டாலும் அது காட்டிக் குடுக்க வாய்ப்பிருக்கு. ஆனா இத மட்டும் வச்சு முடிவு பண்ணக் கூடாது, வெளிய இருந்து டயாட்டம் ஒட்டிக்கிறதும் உண்டு, மூழ்கிச் செத்தவங்ககிட்டயே கெடைக்காமப் போறதும் உண்டு. அன்னைக்கு மார்பெலும்போ தொடை எலும்போ எடுத்தாங்களா, அந்த எடத்துத் தண்ணி சாம்பிள் எடுத்தாங்களானு பி.எம். (பிரேதப் பரிசோதனை) ரிப்போர்ட்ல பாருங்க.

போட்ல ரத்தம் இருந்துச்சுனு பாத்தவங்க சொல்றாக. இத்தன வருஷம் கழிச்சு போட்ல எதும் கெடைக்குமா?

மரத்துல கட்டின பழைய வத்தை, விசைப்படகுன்னா பலகை இடுக்குலயும் கயித்துலயும் ரத்தம் ஊறி நிக்க வாய்ப்பு உண்டு. ஃபைபர் போட்ல கம்மி, தெனமும் கழுவுற போட்ல இன்னும் கம்மி. சினிமால லூமினால்ங்கற கெமிக்கலை அடிச்சு நீலமா மின்னின உடனே "ரத்தம்"பாங்க, நம்ம போட்ல அடிச்சா எல்லாமே மின்னும், ஏன்னா மீன் ரத்தத்துலயும் ஹீமோகுளோபின் இருக்கு, ப்ளீச்சிங் பவுடருக்கும் மின்னும். அதனால மனுச ரத்தமானு தனியா டெஸ்ட் பண்ணி, அதுக்கப்புறம்தான் டி.என்.ஏ.க்குப் போகணும். வெறும் லூமினால் ரிசல்ட்டை வச்சு யாராவது உங்கள சந்தோசப்படுத்தினாலோ பயமுறுத்தினாலோ நம்பாதீங்க.

எங்க லாத்தா (அக்கா) மௌத்தானது புகுந்த வீட்ல. அப்ப சந்தேகம் சொல்ல யாரும் இல்ல, அடக்கிட்டோம். இப்ப கபுரைத் தோண்டிப் பாக்க முடியுமா? எத்தன வருஷம் வரைக்கும்?

நம்ம நாட்டுல தோண்டி எடுக்குறதுக்கு வருஷக் கணக்கு எதும் இல்ல. மாஜிஸ்ட்ரேட் ஆர்டர் வேணும், தாசில்தார் இல்லேன்னா ஆர்.டி.ஓ. முன்னாடி, டாக்டர் இருந்து, பகல்ல பண்ணுவாங்க. குடும்பமா போயி தோண்டக் கூடாது, அப்படித் தோண்டினா அந்த ஆதாரமே போச்சு, உங்க மேலயே கேஸ் வரும்.

என்ன கெடைக்கும்னா: எலும்பு ஒடைஞ்சது, வெட்டுக் காயம் தெரியும். ஆர்சனிக் மாதிரி விஷம் முடிலயும் நகத்துலயும் வருஷக்கணக்குல நிக்கும், மண்ணுல இருந்தே ஏறியிருக்கக் கூடாதுல்ல, அதனால சுத்தியிருக்குற மண்ணையும் எடுத்து ஒப்பிடுவாங்க. வயக்காட்டுப் பூச்சி மருந்துல பல வகைகள் சீக்கிரம் சிதைஞ்சு போயிரும். நம்ம கடக்கரைல சிப்பி கலந்த சுண்ணாம்பு மணலா இருந்தா எலும்பு கொஞ்சம் நல்லா நிக்கும், தண்ணி ஏறி எறங்குற தாழ்வான எடம்னா சந்தேகம்தான். இடம் பத்தாத மையவாடில அதே கபுர்ல திரும்ப அடக்குறதும் உண்டு, அதனால மீசான் கல் (கபுருக்கு அடையாளமா நட்ட கல்) எது, பக்கத்துல யாரு, அப்புறம் அங்க வேற யாரையும் அடக்கினாங்களானு ஜமாத்துல கேட்டு எழுதி வச்சுக்குங்க. இறந்தவங்க உடம்பத் தொடுறது மார்க்கப்படி சரியானு மனசு கஷ்டப்படுறது எனக்குப் புரியுது, அத குடும்பத்துப் பெரியவங்களும் ஆலிமும் ஒக்காந்து பேசி முடிவு பண்ணட்டும், யாரும் அவசரப்படுத்தக் கூடாது.

எரிச்சுட்டா டி.என்.ஏ.க்கு வாய்ப்பு அநேகமா இல்ல. அப்ப பி.எம். நேரத்துல எடுத்த விசரா (உள்ளுறுப்பு சாம்பிள்), ரத்தம், துணி இதுகதான் கதி.

காணாமப் போனவரோட எலும்புனு சொல்றாக, அப்பா அம்மா ரெண்டு பேருமே இல்ல. வேற யாரு ரத்தம் குடுத்தா பொருந்தும்?

பெத்தவங்க, பெத்த புள்ளைங்க இவங்கதான் ஃபர்ஸ்ட். அவங்க இல்லேன்னா கவலப்பட வேணாம், நம்ம சொந்தத்துல வழி இருக்கு. மைட்டோகாண்ட்ரியா டி.என்.ஏ. தாய் வழியா மட்டும் வரும், அதனால கூடப்பொறந்தவங்க, பெரியம்மா, சித்தி, அவங்க புள்ளைங்க, தாய்மாமன் எல்லாம் குடுக்கலாம், ஆனா தாய்மாமன் புள்ளைங்க கூடாது, அவங்களுக்கு அவங்கம்மா வழிதான் வந்துருக்கும். இறந்தது ஆம்பளன்னா அப்பா வழி ஒய் குரோமோசோம் பாக்கலாம், பெரியப்பா, சித்தப்பா, அவங்க ஆம்பளப் புள்ளைங்க. அத்தைக்கு அது கெடையாது. ஆனா இந்த ரெண்டுமே வம்சத்தத்தான் காட்டும், ஒரே வழில வந்த எல்லாருக்கும் ஒண்ணா இருக்கும், அதனால மத்த அடையாளங்களும் சேரணும்.

ஒண்ணு மறக்காம சொல்லுங்க: உங்க குடும்பத்துல தலைமுறையா மாமன் மக, அத்தை மகனு சொந்தத்துலயே கல்யாணம் பண்ணிருந்தா லேபுக்குத் தெரியணும். சொந்தக்காரங்களுக்குள்ள நெறைய எடம் ஒரே மாதிரி இருக்கும், டி.என்.ஏ.ல கூடுதலா எடங்களைப் (மார்க்கர்) பாத்துத்தான் சொல்ல முடியும்.

அமெரிக்கால யாரோ தூரத்துச் சொந்தக்காரன் டி.என்.ஏ.வ வச்சே கொலைகாரனப் பிடிச்சாங்களே, இங்க முடியாதா?

கலிஃபோர்னியால 1970, 80கள்ல 13 கொலை செஞ்ச ஆளை 2018ல அப்படித்தான் பிடிச்சாங்க. 1980ல நடந்த ஒரு கொலைல எடுத்த சாம்பிள் பத்திரமா இருந்துச்சு, அத மக்களே வம்சம் தேட விரும்பிப் போட்டு வச்ச வெப்சைட்ல கொடுத்து தூரத்துச் சொந்தங்களக் கண்டுபிடிச்சு, குடும்ப மரம் போட்டு அவன்கிட்ட வந்தாங்க. இங்க அந்த மாதிரி வெப்சைட்ல நம்ம ஆளுங்க இல்ல. அரசாங்க டி.என்.ஏ. டேட்டாபேஸும் இல்ல, அதுக்காகக் கொண்டு வந்த 2019 மசோதாவ 2023ல வாபஸ் வாங்கிட்டாங்க. அதனால இங்க சந்தேகப்படுற ஆளு ஒருத்தர் இருந்தாத்தான் ஒப்பிட முடியும், கூட்டத்துல தேட முடியாது.

கோர்ட்ல விடுதலை ஆயிட்டான். இப்ப புது டெஸ்ட்ல அவன்தான்னு வந்தா திரும்ப கேஸ் போடலாமா?

அதே குற்றத்துக்கு அதே ஆளை ரெண்டாவது தடவ விசாரிக்க முடியாது, பி.என்.எஸ்.எஸ். 337. இங்கிலாந்துல 1993ல கொலையான ஸ்டீஃபன் லாரன்ஸ் கேஸ்ல சட்டத்தையே மாத்தி, விடுதலையான ஆளையே திரும்ப நிறுத்தி 2012ல தண்டனை வாங்கிக் குடுத்தாங்க. ஜாக்கெட்ல அர மில்லிமீட்டர் நீளம்தான் இருந்த ஒரு ரத்தப்புள்ளி அங்க பெரிய சாட்சி. நம்ம சட்டத்துல அப்படி வழி இல்ல.

ஆனா விடுதலைய எதுத்து அப்பீல் பண்ணலாம், பாதிக்கப்பட்ட குடும்பமே பண்ணலாம், அப்பீல்ல கூடுதல் சாட்சியம் எடுக்க பி.என்.எஸ்.எஸ். 432 இருக்கு. கேஸ்ல சேக்காம விட்ட ஆளுங்க மேல புதுசா போகலாம், அவங்களுக்கு இந்தத் தடை இல்ல.

டி.என்.ஏ. பொருந்திட்டா கேஸ் ஜெயிச்ச மாதிரிதானே?

இல்லவே இல்ல. ஜெர்மனி, ஆஸ்திரியா, பிரான்ஸ்னு 40 சம்பவ இடத்துல ஒரே பொம்பளையோட டி.என்.ஏ. வந்துச்சு, வருஷக்கணக்காத் தேடி 2009ல பாத்தா அது சாம்பிள் எடுக்குற பஞ்சுக் குச்சி பேக் பண்ற ஃபேக்டரில வேலை பாத்த ஒரு அம்மாவோடது. அமெரிக்கால முடிய மைக்ராஸ்கோப்ல பாத்து எஃப்.பி.ஐ. ஆளுங்க சொன்ன சாட்சியத்த 2015ல மறுபடி பாத்தாங்க, பாத்ததுல 90 சதவீதத்துக்கு மேல தப்பு இருந்துச்சு. சயின்ஸ்னு சொல்லி வந்த எல்லாமே சயின்ஸ் இல்ல.

நம்ம பக்கமே, தேனி சுருளி அருவில 2011ல நடந்த ரெட்டைக் கொலைல தூக்குத் தண்டனை விதிச்ச ஆளை 2025 ஜூலைல சுப்ரீம் கோர்ட் விடுதலை பண்ணுச்சு. டி.என்.ஏ. ரிப்போர்ட் இருந்துச்சு, ஆனா சாம்பிள் யாரு கைல இருந்து யாரு கைக்குப் போச்சுனு நம்பகமான கணக்கு இல்ல. அதே தீர்ப்புல சாம்பிள் எடுத்த 48 மணி நேரத்துல லேபுக்குப் போகணும், கைமாறுனதுக்கெல்லாம் ரிஜிஸ்டர் வேணும், கோர்ட் அனுமதி இல்லாம சீலை ஒடைக்கக் கூடாதுனு நாடு முழுக்க உத்தரவு போட்டாங்க. பழைய கேஸ்ல எதிர்த்தரப்பு வக்கீல் முதல்ல கைய வைக்கப் போறது இதுலதான், அதனால நீங்களும் முதல்ல இதத்தான் பாக்கணும்.

செய்யாத கொலைக்கு உள்ள இருக்குறவங்களுக்கு இது உதவுமா?

உதவும், எனக்கு இதுதான் ரொம்ப முக்கியம். கிர்க் பிளட்ஸ்வொர்த்னு ஒருத்தருக்கு, ஒரு சின்னப் பொண்ணைக் கொன்னாருனு 1985ல அமெரிக்கால மரண தண்டனை குடுத்தாங்க, அப்புறம் அது ஆயுளாச்சு, 1993ல டி.என்.ஏ. டெஸ்ட்ல அவரு இல்லேன்னு தெரிஞ்சு வெளிய வந்தாரு. அதே சாம்பிள்ல 2003ல உண்மையான ஆளும் மாட்டினான். அந்தச் சின்னப் பொண்ணோட துணிய அழிக்காம வச்சுருந்ததுதான் காரணம். உங்க வீட்டு ஆளு உள்ள இருந்து அப்பீல் நடந்துட்டு இருந்தா, எம்.ஓ.வ அழிக்கக் கூடாதுனு இன்னைக்கே மனுப் போடுங்க.

சந்தேகப்படுற ஆளுக்கு நார்கோ டெஸ்ட் எடுக்கச் சொல்லலாமா?

அவரு சம்மதிக்காம எடுக்க முடியாது. 2010 செல்வி கேஸ்ல சுப்ரீம் கோர்ட் முடிச்சுருச்சு. இதுக்கு அலையாதீங்க.

போன் கால் ரெக்கார்டு?

கம்பெனிங்க ரெண்டு வருஷம் வச்சுருந்தாப் போதும்ங்கறதுதான் இப்ப ரூல். பழைய கேஸ்ல அப்பவே வாங்கி ஃபைல்ல வச்சுருந்தா உண்டு. இறந்தவரோட பழைய போன், சிம், மெமரி கார்டு வீட்ல கெடந்தா சார்ஜ் போட்டுப் பாக்காதீங்க, யாருக்கும் குடுக்காதீங்க, அப்படியே மனுவோட ஒப்படைங்க.

சரி, நாங்க எங்க ஆரம்பிக்கணும்?

மொதல்ல பேப்பர். எஃப்.ஐ.ஆர்., பி.எம். ரிப்போர்ட், மகஜர், கெமிக்கல் ரிப்போர்ட், ஃபைனல் ரிப்போர்ட் இதெல்லாம் அந்த மாஜிஸ்ட்ரேட் கோர்ட்ல காப்பி அப்ளிகேஷன் போட்டு சர்டிஃபைடு காப்பியா வாங்குங்க. ரொம்பப் பழைய எஃப்.ஐ.ஆர். ஆன்லைன்ல கெடைக்காது. குற்ற எண், வருஷம், ஸ்டேஷன் பேரு இந்த மூணும் தெரிஞ்சா போதும், தெரியலேன்னா இறப்புச் சான்றுல உள்ள தேதிய வச்சு ஸ்டேஷன்ல தேடச் சொல்லணும்.

அடுத்து எஸ்.பி. ஆபீஸ்ல ஒரு மனு. அதுல அழுகையும் வேணாம், யாரையும் திட்டவும் வேணாம். "இந்தக் குற்ற எண்ணுல இந்தத் தேதில கைப்பற்றின இன்னின்ன பொருள் இப்ப எங்க இருக்கு, எந்த நிலைல இருக்கு, அழிக்காமப் பாதுகாக்கணும், இன்னின்னத டி.என்.ஏ.க்கும், ரேகைய நாஃபிஸ்லயும் பாக்கணும்"னு பொருள் பொருளா எழுதுங்க. அதே மனுவ கோர்ட்டுக்கும் குடுத்து, ஒரு காப்பில சீல் வாங்கி வச்சுக்குங்க, நேர்ல போக முடியலேன்னா அக்னாலஜ்மென்ட்டோட ரிஜிஸ்டர் தபால். சாட்சி சொல்லக் கூடியவங்க வயசாகி இருந்தா அவங்க பேரையும் மனுலயே எழுதி சீக்கிரம் வாக்குமூலம் எடுக்கச் சொல்லுங்க. வசதி இல்லேன்னா மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுல இலவசமா வக்கீல் குடுப்பாங்க, டெஸ்ட்டுக்கு நீங்க காசு கட்ட வேண்டியதில்ல, தனியார் லேப்ல நீங்களா எடுத்துட்டு வர்ற ரிப்போர்ட் கோர்ட்ல நிக்கிறதும் கஷ்டம்.

பதிலே வரலேன்னா மதுரை ஹைகோர்ட் கிளைல பி.என்.எஸ்.எஸ். 528ல மனு போடலாம், அங்க முதல்ல கேக்கப் போறது நீங்க எஸ்.பி.க்குக் குடுத்த மனுவோட நகலத்தான்.